செக்கனுக்கு 25 பிரேம்: ஒரு அனிமேஷன் எடிட்டரின் பேச்சு

(எங்கள் மாதாந்தச் சந்திப்பில் ஆற்றப்பட்ட உரையின் எழுத்து வடிவம். பேச்சு நடையைப் பெரும்பாலும் அப்படியே விட்டிருக்கிறோம்.)

தோழர் எண்டு நான் சொன்னால் உங்களில பாதிப்பேர் சிரிக்கிறீங்கள். பரவாயில்லை, அன்ரி எண்டே கூப்பிடுங்கோ.

எனக்குத் தந்த தலைப்பு 'ஊடகமும் உழைப்பும்'. அது பெரிய தலைப்பு. எனக்குத் தெரிந்தது ஒரு சின்ன அறை. முப்பது வருடத்துக்கு மேலாக பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்கான அனிமேஷன் தொடர்களை அந்த அறைக்குள் இருந்து எடிட் செய்திருக்கிறேன். பெரும்பாலும் சின்னப்பிள்ளைகளுக்கான தொடர்கள். நீங்கள் பள்ளிக்கூடத்தால வந்து பாணும் பட்டரும் சாப்பிட்டுக்கொண்டு பார்த்த சிலவற்றில என்ர கையும் இருக்கு. ஆகவே அந்த அறையைப் பற்றி மட்டும் கதைக்கிறேன்.

என்னிடம் எல்லோரும் கேட்கிற முதல் கேள்வி: "கார்ட்டூனுக்கு என்ன எடிட்டிங்? வரைஞ்சதை அப்படியே ஒட்டுறதுதானே?" நியாயமான கேள்வி. சாதாரணப் படத்தில் பத்து மணித்தியாலத்துக்குப் படம்பிடிப்பார்கள், எடிட்டர் அதிலிருந்து ஒன்றை எடுப்பார். அனிமேஷனில் அப்படிச் செய்ய ஒருவரிடமும் காசு இல்லை. கணக்கைப் பாருங்கோ. பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் ஒரு செக்கனுக்கு 25 பிரேம். பத்து நிமிட எபிசோட் ஒன்றுக்கு 15,000 பிரேம். ஒரே படத்தை இரண்டு பிரேமுக்கு வைத்திருந்தாலும் 7,500 தடவை ஒருவர் கையால் வரைய வேண்டும், அல்லது ஒரு பொம்மையின் கையைக் கொஞ்சம் நகர்த்த வேண்டும். பொம்மையை நகர்த்தி எடுக்கிற தொலைக்காட்சித் தொடரில் ஒரு நல்ல அனிமேட்டர் நாளுக்குப் பத்து, பன்னிரண்டு செக்கன் எடுப்பார். பன்னிரண்டு என்றே வைத்தாலும் பத்து நிமிடத்துக்கு அவருக்கு ஐம்பது வேலைநாள் வேண்டும். இதில எதை வீசுறது?

அதனால் எங்கள் தொழிலில் எடிட்டிங் முதலில் நடக்கிறது. படம் பிறக்கும் முன்பே அதை வெட்டுகிறோம். முதலில் நடிகர்களின் குரலைப் பதிவு செய்வார்கள். ஸ்டோரிபோர்ட் படங்களை ஒவ்வொன்றாகக் கமராவில் எடுத்து, அந்தக் குரலோடு சேர்த்து, முழு எபிசோடின் நீளத்துக்கும் ஓடவிடுவோம். இப்போது அதற்கு அனிமேட்டிக் என்று பெயர். நான் வேலைக்குச் சேர்ந்தபோது லைக்கா ரீல் என்பார்கள். உடனே சிம் கார்டை நினைக்காதேங்கோ, இது ஜெர்மன் கமரா. அந்த ரீலில்தான் முடிவு எடுக்கப்படும். இந்த முயல் கதவைப் பார்த்துவிட்டு எவ்வளவு நேரம் யோசிக்கிறது? பன்னிரண்டு பிரேமா, இருபதா? பன்னிரண்டு என்றால் அது பயந்த முயல். இருபது என்றால் தந்திரமான முயல். அந்த எட்டுப் பிரேம் கதைக்கும் வேண்டும், அதே நேரம் அது ஒரு அனிமேட்டரின் வேலை நேரமும் ஆகும். இரண்டையும் ஒன்றாகப் பார்க்கிற இடம் எடிட்டரின் கதிரை. தயாரிப்பாளர் காசைப் பார்க்கிறார், இயக்குநர் முயலைப் பார்க்கிறார்.

ரீல் 'பூட்டப்பட்ட' பிறகு, அதாவது இனி நீளம் மாறாது என்று எல்லோரும் ஒத்துக்கொண்ட பிறகுதான் அனிமேட்டர்கள் தொடங்குவார்கள். இந்தப் 'பூட்டு' என்ற சொல்லை நினைவில் வைத்திருங்கோ, பிறகு திரும்ப வரும்.

நான் 1984இல் லண்டன் வந்தேன். 1987இல் சோஹோவில் ஒரு எடிட்டிங் கம்பனியில் ரன்னர் வேலை. ரன்னர் எண்டால் ஓடுறதுதான்: பிலிம் டப்பாக்களை லபோரட்டரிக்குக் கொண்டுபோறது, தேத்தண்ணி போடுறது, சான்ட்விச் வாங்குறது. அங்கே இருந்து உதவி எடிட்டராக ஏறினேன். எனக்குத் தரப்பட்ட முதல் உண்மையான வேலை குரலை வாசிப்பது. இது இன்று கிட்டத்தட்ட அழிந்துபோன வேலை, அதனால் கொஞ்சம் விவரமாகச் சொல்கிறேன்.

பதிவு செய்த குரல் 16 மில்லிமீட்டர் அகலமான காந்த நாடாவில் இருக்கும். பக்கத்தில் துளையிட்ட நாடா, பிலிம் மாதிரியே. ஒரு அடியில் 40 பிரேம். அதை பிக்-சிங்க் என்ற சின்ன மேசை இயந்திரத்தில் போட்டு, கையால் முன்னும் பின்னும் இழுத்து இழுத்துக் கேட்க வேண்டும். 'ஹலோ' என்ற சொல் அப்போது சொல்லாக இருக்காது. மாடு உறுமுவது மாதிரி ஒரு சத்தம், பிறகு ஒரு கீச்சு, பிறகு ஒரு ஊளை. எந்தப் பிரேமில் எந்த ஒலி தொடங்குகிறது என்று நாடாவின் முதுகில் மெழுகுப் பென்சிலால் குறித்து, நீளமான தாளில் பிரேம் பிரேமாக எழுதுவேன். அந்தத் தாளைப் பார்த்துத்தான் அனிமேட்டர் வாயை வரைவார். முக்கியமான விதி ஒன்று: ப, ம மாதிரி உதடு மூடுகிற ஒலிகளுக்கு வாய் குறைந்தது இரண்டு பிரேமாவது மூடியிருக்க வேண்டும். இல்லாவிட்டால் பார்க்கிறவரின் கண்ணுக்கு அது பிடிபடாது, பாத்திரம் வாயைத் திறந்தபடி 'மம்மி' சொல்லும்.

இதைச் சொல்லித்தந்தவர் வடக்கு இங்கிலாந்தைச் சேர்ந்த ஒரு எடிட்டர், பெண். அவர் சொல்லச் சொல்ல எனக்கு ஊரில் படித்த தொல்காப்பியப் பிறப்பியல்தான் ஞாபகம் வந்தது. உதடுகள் சேரும்போது ப, ம பிறக்கும், மேற்பல்லும் உதடும் சேரும்போது வ பிறக்கும் என்று பாடமாக்கி, பரீட்சைக்கு எழுதி, மறந்த விசயம். சோஹோவில ஒரு நிலக்கீழ் அறையில, ஒரு இங்கிலீஷ் கரடிப்பிள்ளைக்கு வாய் வைக்க அது உதவினது. இன்னொன்றும் நடந்தது. என்னோடு வேலை செய்த வெள்ளைக்காரப் பிள்ளைகள் சொல்லின் பொருளைக் கேட்டுவிட்டு, அதன் எழுத்துக்கூட்டலை எழுதினார்கள். எனக்கு இங்கிலீஷ் அவ்வளவு ஓடாத காலம், நான் சத்தத்தை மட்டும் கேட்டேன். வேலைக்கு அதுதான் தேவை.

இனி சங்கத்துக்கு வருவோம். அந்த நாட்களில் ஏ.சி.டி.டி. என்ற திரைப்பட, தொலைக்காட்சித் தொழில்நுட்பவியலாளர் சங்கத்தின் டிக்கெட் இல்லாமல் இந்தத் தொழிலில் நிற்க முடியாது. 1933இல் தொடங்கிய சங்கம் அது. 1979இல் ஓகஸ்டிலிருந்து ஒக்டோபர் வரை நடந்த தகராறில் ஐ.டி.வி. கிட்டத்தட்ட நாடு முழுவதும் திரையில்லாமல் கிடந்தது என்றால் அதன் பலம் விளங்கும். ஆனால் டிக்கெட் இல்லாமல் வேலை கிடைக்காது, வேலை இல்லாமல் டிக்கெட் கிடைக்காது. யாருக்கு வேலை கிடைக்கும்? அப்பாவோ மாமாவோ ஏற்கெனவே உள்ளே இருந்தவருக்கு. பெண்கள் எந்த வேலைகளுக்குள் ஒதுக்கப்பட்டிருக்கிறார்கள் என்று 1975இல் இதே சங்கமே ஒரு அறிக்கை வெளியிட்டது. கறுப்பு, ஆசியத் தொழிலாளர் நிலை அதைவிட மோசம். எனக்கு டிக்கெட் கிடைத்ததற்குக் காரணம் அந்த வடக்கு இங்கிலாந்துப் பெண்மணி கிளைக் கூட்டத்தில் எழுந்து சண்டை பிடித்ததுதான்.

ஆகவே பழைய காலத்தைப் பொற்காலம் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் அந்த வேலிக்குள் ஒரு ஏணி இருந்தது. உதவியாளர் ஒருவர் எடிட்டருக்குப் பக்கத்தில் வருடக்கணக்காக இருப்பார், சம்பளத்தோடு. நெகட்டிவ் இலக்கங்களை எழுதுவார், வெட்டித் தொங்கவிட்ட துண்டுகளைப் பையில் அடுக்குவார், கதவு சாத்துகிற சத்தம், தேத்தண்ணிக் கோப்பை வைக்கிற சத்தம் என்று ஒவ்வொன்றாகப் படத்தோடு பொருத்துவார். அனிமேஷனில் இயல்பான சத்தம் என்று ஒன்றும் கிடையாது, தெரியும்தானே? ஒரு பொம்மை நடந்தால் காலடிச் சத்தத்தையும் நாங்கள்தான் போட வேண்டும். இதையெல்லாம் செய்துகொண்டே எடிட்டர் ஏன் அந்த இடத்தில் வெட்டினார் என்பதைப் பார்த்துக்கொண்டிருப்பார். வேறு பள்ளிக்கூடம் இல்லை.

1990இல் தாட்சர் அரசு இரண்டு சட்டங்கள் கொண்டுவந்தது. வேலைவாய்ப்புச் சட்டம், சங்க டிக்கெட் இல்லாதவருக்கு வேலை மறுப்பதைத் தடை செய்தது. ஒலிபரப்புச் சட்டம், ஐ.டி.வி. உரிமங்களை ஏலத்தில் விட்டது. வேலியும் போனது, அதோடு சேர்த்து ஏணியையும் கொண்டுபோய்விட்டார்கள். ஏலத்தில் தேம்ஸ் தொலைக்காட்சி உரிமத்தை இழந்தது. மன்செஸ்டர் பக்கம் சோர்ல்ட்டனில் இருந்த கொஸ்கிரோவ் ஹோல் ஸ்டூடியோவின் தாய்க் கம்பனி தேம்ஸ்தான். 1976இல் தொடங்கி, 'டேஞ்சர் மவுஸ்', 'கவுண்ட் டக்யூலா' எல்லாம் செய்த ஸ்டூடியோ. வேறு கைக்கு மாறி மாறி, கடைசியில் 2009இல் மூடப்பட்டது.

'டேஞ்சர் மவுஸ்' பற்றி ஒன்றைச் சொல்லாமல் போக மனமில்லை. அதில் அடிக்கடி வடதுருவத்துக்குப் போவார்கள். அல்லது விளக்கு அணைந்துவிடும், இருட்டில் கண்கள் மட்டும் தெரியும். ஏன்? வெள்ளைப் பனிக்கும் கறுப்பு இருட்டுக்கும் பின்னணி ஓவியம் வரையத் தேவையில்லை! காசு மிச்சம். பிள்ளைகள் சிரித்தார்கள், இன்றைக்கும் நான் சிரிக்கிறேன். இருட்டில் இரண்டு கண்ணும் ஒரு குரலும் மட்டும் இருக்கும்போது சிரிப்பு முழுக்க நேரத்தில்தான் தங்கியிருக்கிறது. கண் எந்தப் பிரேமில் சிமிட்டுகிறது என்பதுதான் நகைச்சுவை. அந்த மாதிரிக் காட்சியை வெட்டிப் பார்த்தவருக்குத் தெரியும், அதைவிடக் கடினமானது இல்லை.

எடிட்டரின் பெயர் ஒருவருக்கும் தெரியாது என்பதற்கும் ஒரு உதாரணம். 'த ரோங் ட்ரவுசர்ஸ்', 1993 கிறிஸ்மஸுக்கு மறுநாள் பி.பி.சி.யில் வந்தது, அடுத்த வருடம் ஒஸ்கார் வாங்கியது. பிரிஸ்டலில் ஆர்ட்மன் ஸ்டூடியோ செய்தது. நிக் பார்க் பெயரைக் கேட்டால் இந்த மண்டபத்தில் எல்லோரும் கை தூக்குவீங்கள். அதை எடிட் செய்தவர் ஹெலன் கரார்ட். கடைசியில் வீட்டுக்குள் ஓடுகிற ரயில் துரத்தலை இன்றைக்கு இரவு திரும்பப் பாருங்கோ, சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கோ. நாய் தண்டவாளத்தைப் போட்டுக்கொண்டே போகிற இடத்தில் ஒவ்வொரு வெட்டும் எப்போது வருகிறது என்று எண்ணுங்கோ. அந்த வேகம் களிமண்ணில் மட்டும் இல்லை.

தொண்ணூறுகளின் நடுவில் எங்கள் அறைக்குள் கொம்பியூட்டர் வந்தது. சில இடங்களில் லைட்வர்க்ஸ், சில இடங்களில் அவிட். நான் இயந்திரத்துக்கு எதிரி இல்லை. மெழுகுப் பென்சில் பிடித்துப் பிடித்து என்ர விரல் இன்னும் வளைஞ்சபடி இருக்கு. ஆனால் இயந்திரம் வந்த அதே கிழமை உதவியாளர்கள் போனார்கள். இலக்கம் எழுதத் தேவையில்லை, துண்டு தேடத் தேவையில்லை, ஆகவே ஆளும் தேவையில்லை என்றார்கள். மிச்சமான நேரம் எங்களுக்கு வரவில்லை. மாற்றுவது சுலபம் என்று தெரிந்ததும் எல்லோரும் மாற்றத் தொடங்கினார்கள். பூட்டின ரீலைத் திறந்தார்கள்.

இங்கேதான் நான் உங்களுக்குச் சொல்ல வந்த கதை. கம்பனியின் பெயர் வேண்டாம். பொம்மைத் தொடர் ஒன்று. பதினொரு நிமிடத்துக்குப் பூட்டிய எபிசோட்களை, பாதி வேலை முடிந்த பிறகு, வெளிநாட்டு விற்பனைக்காகப் பத்து நிமிடமாக்கச் சொன்னார்கள். நிமிடம் ஒன்று என்பது ஒரு அனிமேட்டரின் ஐந்து நாள். எடுத்து முடித்த காட்சிகளை நான் வெட்டி வீச வேண்டும், வெட்டின இடத்தைப் பொருத்தப் புதிதாகச் சில காட்சிகளை அவர்கள் எடுக்க வேண்டும். அட்டவணை பின்னுக்குப் போனது. நிர்வாகம் கூட்டம் வைத்து, அனிமேட்டர்கள் மந்தம், நாளுக்கு ஏழு செக்கன்தான் எடுக்கிறார்கள் என்றது. சனிக்கிழமை வந்து சம்பளமில்லாமல் ஈடு செய்ய வேண்டும் என்றது.

என்னிடம் பழைய பழக்கம் ஒன்று இருந்தது. உதவியாளர் காலத்தில் பழகியது. எந்த ஷொட் எந்த நாளில் வந்தது, எத்தனை பிரேம், யார் எடுத்தது, எப்போது, ஏன் வெட்டப்பட்டது என்று ஒரு தடித்த கொப்பியில் எழுதி வைப்பேன். கொம்பியூட்டரிலும் இருக்கும், ஆனால் அது கம்பனியின் கொம்பியூட்டர். அந்தக் கொப்பியைச் சங்கப் பிரதிநிதியோடு இருந்து மூன்று இரவு கூட்டிப் பார்த்தோம். வீசப்பட்டதையும் சேர்த்தால் ஒவ்வொருவரும் நாளுக்குப் பதினொரு செக்கனுக்கு மேல் எடுத்திருந்தார்கள். திரையில் வந்ததை மட்டும் எண்ணி, வீசச் சொன்னதை எண்ணாமல் விட்டிருந்தது நிர்வாகம்.

வெற்றி எண்டு பெரிசா சொல்ல முடியாது. அந்தத் தொடருக்குச் சனிக்கிழமைச் சம்பளம் கிடைத்தது, அதுவும் பாதி. ஆனால் அடுத்த தொடரின் ஒப்பந்தத்தில் ஒரு வரி ஏறியது: பூட்டிய பிறகு வருகிற மாற்றம் தனி வேலை, தனிச் சம்பளம். இரண்டு அனிமேட்டர்களை அடுத்த தடவை கூப்பிடவில்லை. காரணம் சொல்லவில்லை. எனக்கும் அந்தக் கதவு மூடினது.

அதற்குப் பிறகு தொழிலே சுருங்கியது. 2003 தொடர்பாடல் சட்டத்துக்குப் பிறகு வணிக ஒளிபரப்பாளர்களுக்குப் பிள்ளைகள் நிகழ்ச்சி கட்டாயம் இல்லாமல் போனது. 2006இல் பிள்ளைகள் நிகழ்ச்சிகளுக்கு இடையில் சத்தில்லாச் சாப்பாட்டு விளம்பரத்துக்குத் தடை அறிவித்தார்கள். தடை சரியான தடைதான், ஆனால் அந்தக் காசுக்குப் பதில் காசு எங்கிருந்து வரும் என்று ஒருவரும் யோசிக்கவில்லை. ஐ.டி.வி. புதிய பிள்ளைகள் தொடர்களை வாங்குவதைக் கிட்டத்தட்ட நிறுத்தியது. 2013 ஏப்ரலில் அனிமேஷனுக்கு வரிச்சலுகை வந்தபோது கொஞ்சம் மூச்சு வந்தது. அந்தச் சலுகை கம்பனிக்கு. உதவியாளர் ஒருவரை வைத்துப் பழக்க வேண்டும் என்ற நிபந்தனை அதில் இல்லை.

வேறு விதமாகவும் செய்யலாம் என்பதற்கு லீட்ஸ் அனிமேஷன் வேர்க்ஷொப்பைச் சொல்வேன். பெண்கள் கூட்டு. 1978இல் பிள்ளைகள் பராமரிப்பு நிலையங்கள் வேண்டும் என்று ஒரு படம் செய்து தொடங்கினார்கள். பிறகு வேலைத்தலப் பாதுகாப்பு, அணு ஆயுதம், பெண்கள் மீதான தொல்லை, காலனித்துவமும் உலக வர்த்தகமும் என்று படங்கள். 1982இல் சனல் 4, பிரிட்டிஷ் திரைப்பட நிறுவனம், ஏ.சி.டி.டி. எல்லாம் சேர்ந்து கூட்டுகளுக்கான உடன்பாடு ஒன்றுக்கு வந்தன. சம்பளத்தோடு, சங்கத்தின் அங்கீகாரத்தோடு கூட்டாகப் படம் செய்யலாம் என்றது அது. சனல் 4 என்றால் உங்களுக்கு 2011தான் ஞாபகம் வரும், எனக்கு அதுவும் இதுவும். பிளாக் ஓடியோ பிலிம் கலெக்டிவ் மாதிரியான குழுக்கள் அந்த வழியால்தான் நிமிர்ந்தன. அங்கே முக்கியமானது கொள்கை மட்டும் இல்லை, சம்பளம். கூட்டில் இருந்தவர்கள் வாடகை கட்ட முடிந்தது.

இதைச் சொல்லிக்கொண்டு உங்களைப் பார்க்கிறேன். உங்கள் பிரசார வீடியோக்களை எல்லாம் பார்க்கிறேன். மே மாதம் போட்டது நல்ல வீடியோ, இரண்டரை நிமிடம். வெட்டு நல்ல இடங்களில் விழுந்திருந்தது. யார் எடிட் செய்தது என்று இங்கே வந்து மூன்று பேரிடம் கேட்டேன். ஒருவருக்கும் தெரியவில்லை. நாலாவது ஆள் சொன்னார்: "அது அந்தத் தங்கச்சி, அவ எப்பவும் செய்வா அன்ரி, இரவிலதான் செய்வா." தங்கச்சி பின்வரிசையில் இருக்கிறா, பகல் வேலையும் இருக்கிறது. வீடியோவுக்குக் கடைசி இரவில் எத்தனை மாற்றம் சொன்னீர்கள் என்று அவவைக் கேட்டேன். பத்தொன்பது என்றா. வட்ஸ்அப்பில்.

உங்கள் குழுவிடம் காசில்லை, எனக்குத் தெரியும். நான் கேட்பது மூன்று விசயம். வீடியோவைப் பூட்டுகிற நாள் ஒன்றை வையுங்கோ. அதற்குப் பிறகு மாற்றம் வேண்டும் என்றால், கேட்கிறவர் பக்கத்தில் வந்து இருந்து, அந்த இரவு தானும் முழித்திருக்க வேணும். இரண்டாவது, ஒவ்வொரு வீடியோவுக்கும் ஒரு புதிய ஆள் தங்கச்சிக்குப் பக்கத்தில் இருந்து பழக வேணும், இல்லாவிட்டால் அவ களைத்துப்போகிற நாளில் உங்களிடம் வீடியோ இருக்காது. மூன்றாவது, இந்தத் தொழிலுக்குள் சம்பளத்துக்குப் போகிறவர்கள் பெக்டுவில் சேருங்கோ. பழைய ஏ.சி.டி.டி. 1991இல் பெக்டு ஆனது, 2017இல் ப்ராஸ்பெக்டோடு சேர்ந்தது. அனிமேஷன்காரருக்கு அதில் கிளை இருக்கிறது. கிளைக் கூட்டத்துக்கு என்னைப் போல நிறத்தில் ஆட்கள் இன்னும் போதாது. சும்மா மெம்பராக இருக்காமல், போய் இருங்கோ.

அந்தத் தடித்த கொப்பியைக் கொண்டுவந்திருக்கிறேன், தேத்தண்ணி மேசையில் வைத்திருக்கு. பக்கங்கள் கழருது, பார்த்துப் புரட்டுங்கோ. பிக்-சிங்க்கும் என்னிடம் ஒன்று இருக்கு, பதினைந்து கிலோவுக்கு மேல, பஸ்ஸில கொண்டுவர ஏலாமல் போச்சு. அடுத்த சந்திப்புக்கு ஆரும் காரில வந்து ஏத்தினால், தமிழ்க் குரல் ஒன்றைப் போட்டு எல்லோரும் வாசித்துப் பார்க்கலாம். சரி, கேள்விகளுக்கு வருவோம். முதல்ல தங்கச்சி கேளுங்கோ.